இனயத்து இடியாப்பமும் இத்தாலிப் பாஸ்தாவும்

இடியாப்பத்துக்கு மாவு பிசையும்போது கொதிக்கக் கொதிக்கத் தண்ணீர் ஊற்றுகிறார்கள். பரோட்டாவுக்கு மாவு பிசையும்போது பச்சைத் தண்ணீரே போதும் என்கிறார்கள். இரண்டும் மாவுதானே? ஏன் இந்த வேறுபாடு? மாற்றி ஊற்றினால் என்ன ஆகும்?

வீட்டில் கேட்டால், "எங்கம்மா அப்படித்தான் செய்வாங்க, நானும் அப்படித்தான் செய்கிறேன்" என்று விடை வரும். அந்த விடையைக் குறைவாக எண்ணிவிடாதீர்கள். பல தலைமுறையினர் செய்து பார்த்துத் தேறிய முடிவு அது. அதற்குள் இருக்கும் காரணத்தைத் தேடுவதுதான் நம் வேலை. அதற்காக ஒரு கற்பனைப் பயணம் போய் வருவோம், வாருங்கள்.

பொலோனியாவில் ஒரு வகுப்பு

இத்தாலிக்குச் சுற்றுலா செல்பவர்கள் கோபுரங்களையும் ஓவியங்களையும் பார்ப்பதோடு நிற்பதில்லை. பலர் ஒரு நாளைச் சமையல் வகுப்புக்கென்று ஒதுக்குகிறார்கள். இது உட்கார்ந்து வேடிக்கை பார்க்கும் வகுப்பு அன்று. மேலாடையின்மீது ஒரு துணியைக் கட்டிக்கொண்டு, தாமே மாவைப் பிசைந்து, தேய்த்து, வெட்டி, வேகவைக்க வேண்டும். முடிவில் தாம் செய்ததைத் தாமே சாப்பிடவும் வேண்டும், எப்படி வந்திருந்தாலும்!

வட இத்தாலியில் உள்ள பொலோனியா நகரம் இத்தகைய வகுப்புகளுக்குப் பெயர்பெற்றது. 1970களில் இங்கே வெளிநாட்டினருக்கு இத்தாலியச் சமையல் கற்பித்தவர்களில் மார்செல்லா ஹசான் என்ற அம்மையார் புகழ்பெற்றவர். அவர் படித்தது என்ன தெரியுமா? அறிவியல். இத்தாலியின் ஃபெராரா பல்கலைக்கழகத்தில் உயிரியல் துறையில் முனைவர் பட்டம் பெற்றவர் அவர். திருமணமாகி அமெரிக்காவுக்குப் போகும்வரை அவருக்குச் சமைக்கத் தெரியாது. அதன்பின் கற்றுக்கொண்டு, 1973ஆம் ஆண்டில் இத்தாலியச் சமையலைப்பற்றி நூல் எழுதி, பல நாட்டினருக்கு ஆசிரியரானார். ஆய்வுக்கூடத்தையும் அடுப்பங்கரையையும் பிரிக்கும் சுவர் மிகவும் மெல்லியது என்பதற்கு அவரே சான்று.

இனி நம் பயணம். நீங்கள் இனயத்தைச் சேர்ந்தவர் என்று வைத்துக்கொள்வோம். கன்னியாகுமரி மாவட்டத்தின் மேற்குக் கரையில், குளச்சலுக்கு வடமேற்கே, அரபிக்கடலை ஒட்டியுள்ள மீனவர் ஊர் இனயம். உங்கள் வீட்டில் இடியாப்பமும் புட்டும் ஆப்பமும் வழக்கமான உணவு. நீங்கள் பொலோனியா வகுப்பில் போய் நிற்கிறீர்கள்.

ஆசிரியை மரப்பலகையின்மேல் 100 கிராம் கோதுமை மாவைக் குவிக்கிறார். நடுவில் குழி செய்து அதில் ஒரு கோழிமுட்டையை உடைத்து ஊற்றுகிறார். முள்கரண்டியால் கலக்கிக்கொண்டே சுற்றியுள்ள மாவைச் சிறிது சிறிதாக உள்ளே இழுக்கிறார். பிறகு கையால் பிசையச் சொல்கிறார். பத்து நிமிடம் விடாமல் பிசைய வேண்டும். தண்ணீர் எங்கே என்று தேடாதீர்கள். முட்டையில் ஏறத்தாழ முக்கால் பங்கு தண்ணீர்தான். ஓடு நீக்கிய முட்டை 50 கிராம் என்றால், 37 கிராம் தண்ணீர் மாவில் சேர்ந்துவிட்டது.

பிசைந்த உருண்டையை மூடி அரை மணி நேரம் வைக்கிறார்கள். பிறகு நீண்ட உருட்டுக்கட்டையால் காகிதம்போல் மெல்லியதாகத் தேய்த்து, சுருட்டி, கத்தியால் நாடாக்களாக வெட்டுகிறார்கள். இந்த நாடாவுக்குத் தாலியத்தெல்லே என்று பெயர். கொதிநீரில் இரண்டு மூன்று நிமிடங்களில் வெந்துவிடும்.

இந்த நாடாவின் அகலத்துக்கு ஒரு வரையறை உண்டு. 1972ஆம் ஆண்டு ஏப்ரல் 16ஆம் நாள், பொலோனியாவின் வணிகக் கழகத்தில் இந்த அளவைப் பதிவு செய்தார்கள். வெந்த நாடா 8 மில்லிமீட்டர் அகலம் இருக்க வேண்டும். அந்நகரின் அசினெல்லி கோபுரத்தின் உயரத்தில் 12,270இல் ஒரு பங்கு என்பது கணக்கு. தங்கத்தில் ஒரு மாதிரி நாடாவும் செய்து அங்கே வைத்திருக்கிறார்கள். கோபுரத்தின் உயரம் 97.2 மீட்டர். நீங்களே வகுத்துப் பாருங்கள். விடை 7.92 மில்லிமீட்டர் வரும். ஒரு நீளத்தை அளக்க எல்லாருக்கும் பொதுவான ஒரு படி வேண்டும் என்ற இயற்பியலின் முதல் பாடம் அங்கே சாப்பாட்டு மேசைக்கே வந்துவிட்டது!

கோதுமையின் வலை

பத்து நிமிடம் எதற்காகப் பிசைகிறோம்? கலப்பதற்கு என்றால் இரண்டு நிமிடம் போதுமே!

கோதுமையில் மாவுப்பொருளோடு கிளயடின், குளூட்டனின் என்ற இரு புரதங்கள் உள்ளன. உலர்ந்த மாவில் இவை சும்மா கிடக்கும். தண்ணீர் பட்டதும் நனைந்து ஒன்றோடொன்று பிணையத் தொடங்கும். பிசையப் பிசைய இந்தப் பிணைப்பு நீண்டு, படர்ந்து, மீன்வலைபோல் ஒரு வலையாகிறது. அந்த வலைக்குப் பெயர் குளூட்டன். மாவுப்பொருளின் துகள்கள் அதன் கண்ணிகளில் சிக்கிய மீன்களைப்போல் இருக்கின்றன.

இந்த வலைக்கு இரண்டு குணங்கள் உண்டு. இழுத்தால் நீளும், விட்டால் சுருங்கும். பிசைந்த உடனே மாவைத் தேய்த்துப் பாருங்கள். தேய்த்த இடம் மீண்டும் சுருங்கி உங்களை ஏமாற்றும். அரை மணி நேரம் ஓய்வு கொடுத்தால், விறைப்பாக இழுபட்டிருந்த பிணைப்புகள் சற்றுத் தளர்ந்து புதிய நிலையில் அமைகின்றன. பிறகு மாவு சொன்னபடி கேட்கும்.

இதைக் காண இத்தாலிக்குத்தான் போகவேண்டுமா? மார்த்தாண்டத்திலோ நாகர்கோவிலிலோ மாலையில் ஒரு பரோட்டாக் கடைக்கு முன்னால் நில்லுங்கள். மாஸ்டர் மாவை உருண்டைகளாக்கி, எண்ணெய் தடவி, ஈரத்துணி போட்டு மூடி வைப்பார். நேரம் கழித்து எடுத்து வீசினால் அது மேசை அகலத்துக்கு விரியும். பின்னாலிருக்கும் விளக்கு தெரியும் அளவுக்கு மெலிந்தும் கிழியாது. பொலோனியா ஆசிரியையும் பரோட்டா மாஸ்டரும் ஒருவரை ஒருவர் பார்த்திருக்க மாட்டார்கள். இருவரும் பயன்படுத்துவது ஒரே வலையை.

இப்போது அந்த மாவில் கொதிநீரை ஊற்றினால்? சூட்டில் புரதங்களின் வடிவம் குலையும். வலை நன்றாகப் பின்னாது. மாவு மென்மையாகப் பிசைய வரும், ஆனால் வீசினால் கிழியும். நம் முதல் கேள்வியில் பாதிக்கு விடை கிடைத்துவிட்டது.

அரிசியின் பசை

இனி பயணத்தைத் திருப்புவோம். பொலோனியாவில் உங்களோடு வகுப்பில் இருந்த ஒரு மாணவன் இனயத்துக்கு வருகிறான். உங்கள் வீட்டு அடுப்பங்கரைதான் அவனுடைய வகுப்பறை. அரிசிமாவை அவன் தன் ஊர் முறைப்படி பச்சைத் தண்ணீர் விட்டுப் பிசைகிறான். பத்து நிமிடம் ஆகிறது. இருபது நிமிடமும் ஆகிறது. மாவு நீளவில்லை. அச்சில் இட்டுப் பிழிந்தால் நூல் அங்கங்கே உடைந்து விழுகிறது.

அவன் உழைப்பில் குறையில்லை. அரிசியிலும் புரதம் உண்டு. ஆனால் அது குளூட்டன் வலையைப் பின்னும் வகையைச் சேர்ந்ததன்று. எவ்வளவு பிசைந்தாலும் இல்லாத வலை எங்கிருந்து வரும்?

அப்படியானால் இடியாப்பம் எதனால் ஒட்டி நிற்கிறது? மாவுப்பொருளால். அரிசியிலுள்ள மாவுப்பொருள் கண்ணுக்குத் தெரியாத சிறு துகள்களாக இருக்கிறது. ஒவ்வொரு துகளிலும் அமைலோஸ், அமைலோபெக்டின் என்ற நீண்ட சங்கிலி மூலக்கூறுகள் நெருக்கமாக அடுக்கப்பட்டுள்ளன. பச்சைத் தண்ணீர் அந்த அடுக்குக்குள் எளிதில் நுழையாது. வெப்பநிலை ஏறத்தாழ 60 முதல் 80 டிகிரி செல்சியஸ்வரை உயரும்போது நிலைமை மாறுகிறது. அடுக்கு குலைகிறது, தண்ணீர் உள்ளே புகுகிறது, துகள் உப்பி, சங்கிலிகள் சில வெளியே கசிகின்றன. வெளியே வந்த சங்கிலிகள் ஒன்றோடொன்று பின்னிப் பசையாகின்றன. சுவரொட்டி ஒட்ட மைதாவைக் காய்ச்சுகிறார்களே, அந்தப் பசையும் இப்படித்தான் உண்டாகிறது.

இடியாப்ப மாவில் கொதிநீர் ஊற்றும்போது மாவு முழுவதும் வெந்துவிடுவதில்லை. ஒரு பகுதி மட்டும் பசையாகிறது. அந்தப் பசை மீதி மாவை ஒட்டிப் பிடித்துக்கொள்கிறது. தண்ணீர் சற்று ஆறியிருந்தால் பசை போதாமல் நூல் உடையும். மிகுதியானால் களியாகி நூல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். ஆகவேதான் "தண்ணீர் தளதளவென்று கொதிக்க வேண்டும், கொஞ்சம் கொஞ்சமாக ஊற்ற வேண்டும்" என்று வீட்டில் சொல்கிறார்கள். சேவை செய்பவர்கள் மாவை முழுவதும் வேகவைத்து, சூடாறுமுன் பிழிகிறார்கள். வழி வேறு, தத்துவம் ஒன்று.

கோதுமையைத் தாங்குவது புரத வலை. அரிசியைத் தாங்குவது மாவுப்பசை. வலைக்குப் பிசைதல் வேண்டும்; பசைக்கு வெப்பம் வேண்டும். பச்சைத் தண்ணீர், கொதிநீர் என்ற வேறுபாட்டின் காரணம் இதுதான்.

காலையில் செய்த இடியாப்பம் மாலையில் விறைத்துப்போவதைக் கண்டிருப்பீர்கள். ஆறும்போது, பிரிந்திருந்த சங்கிலிகள் மீண்டும் நெருங்கி அடுக்காக அமைய முயல்கின்றன. அதுவே விறைப்பு. மறுபடி ஆவியில் வைத்தால் அடுக்கு ஓரளவு குலைந்து மென்மை திரும்பும்.

அச்சும் அழுத்தமும்

பிழிகிற வேலைக்கு வருவோம். இடியாப்ப அச்சின் உருளை 5 சென்டிமீட்டர் விட்டம் உள்ளது என்று கொள்வோம். அதன் பரப்பு ஏறத்தாழ 20 சதுர சென்டிமீட்டர். 20 கிலோகிராம் எடையை வைத்தால் எவ்வளவு விசையோ அவ்வளவு விசையோடு நீங்கள் அழுத்துகிறீர்கள். அப்போது மாவின்மேல் ஒரு சதுர சென்டிமீட்டருக்கு ஒரு கிலோகிராம் எடையளவு அழுத்தம் செல்கிறது. இது ஏறத்தாழ நம் காற்றுமண்டல அழுத்தத்துக்குச் சமம்!

உருளையின் விட்டத்தை இரண்டு மடங்காக்கினால் ஒரே தடவையில் நிறைய மாவு போடலாமே என்று தோன்றும். ஆனால் பரப்பு நான்கு மடங்காகும். அதே கைவிசைக்கு அழுத்தம் நான்கில் ஒரு பங்காகக் குறையும். மாவு வெளியே வராது. அச்சுகள் ஒல்லியாக இருப்பதன் காரணம் புரிகிறதா?

திருகு அச்சு வைத்திருப்பவர்கள் இன்னும் கெட்டிக்காரர்கள். பத்து சென்டிமீட்டர் நீளமுள்ள கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் கை 63 சென்டிமீட்டர் நகர்கிறது. திருகு இறங்குவதோ சில மில்லிமீட்டர்தான். நெடுந்தொலைவு சிறிய விசை, சிறு தொலைவில் பெரிய விசையாகிறது. உராய்வில் பெரும்பகுதி வீணானாலும் மிஞ்சுவதே போதும்.

கடைகளில் உலர்ந்து விற்கும் ஸ்பாகெட்டி இவ்வாறே அச்சில் பிழியப்படுவது. அதற்கு முட்டை இல்லை. டூரம் என்ற கடினமான கோதுமையின் ரவையும் தண்ணீரும் மட்டுமே. இத்தாலியில் உலர்ந்த பாஸ்தாவை டூரம் கோதுமையில்தான் செய்யவேண்டும் என்று 1967ஆம் ஆண்டில் சட்டமே இயற்றினார்கள். பழைய வழக்கப்படி வெண்கல அச்சில் பிழிந்தால் நூலின் மேற்பரப்பு சொரசொரப்பாக இருக்கும். குழம்பு நன்றாக ஒட்டும். டெஃப்லான் பூசிய அச்சில் பிழிந்தால் வழவழப்பாக இருக்கும்.

பிழிந்ததை உலர்த்துவதும் ஒரு கலை. நேப்பிள்சுக்கு அருகிலுள்ள க்ரான்யானோ என்ற ஊரில் முன்பெல்லாம் தெருவில் கழிகளில் தொங்கவிட்டுக் காற்றில் உலர்த்தினார்கள். மிகவும் விரைவாகக் காய்ந்தால் மேற்புறம் இறுகி, உள்ளே ஈரம் அடைபட்டு, பின்னர் வெடிக்கும். மிகவும் மெதுவாகக் காய்ந்தால் பூஞ்சணம் பிடிக்கும். இனயம் கடற்கரையில் கருவாடு காயவைக்கும் எவரிடமும் இதைச் சொல்லிப் பாருங்கள். "இது எங்களுக்குத் தெரியாததா?" என்று சிரிப்பார்கள்.

நீரில் வேகுமா, ஆவியில் வேகுமா?

பாஸ்தாவைக் கொதிநீரில் போடுகிறோம். இடியாப்பத்தை ஏன் போடுவதில்லை? பாஸ்தாவின் புரத வலை சூட்டில் இறுகி, மாவுப்பொருளை வெளியே விடாமல் பிடித்துக்கொள்ளும். நம் சேமியாவும் கோதுமையில் செய்ததுதான். ஆகவே பாயசத்தில் கொதித்தும் உரு மாறாது. புதிதாய்ப் பிழிந்த இடியாப்பத்துக்கு அந்தக் காவல் இல்லை. கொதிநீரில் இட்டால் குலைந்து கஞ்சியாகும். ஆகவே அசைக்காமல், அலைக்காமல் ஆவியில் வேகவைக்கிறோம்.

நீராவியும் 100 டிகிரி, கொதிநீரும் 100 டிகிரி. ஆனால் இரண்டும் கொண்டுவரும் வெப்பம் ஒன்றல்ல. ஒரு கிராம் நீராவி குளிர்ந்து நீராகும்போதே 540 கலோரி வெப்பத்தை வெளிவிடுகிறது. இதுவே உள்ளுறை வெப்பம். ஆவி, குளிர்ந்த நூலின்மேல் பட்டு நீராகிறது; ஆகும்போது தன் வெப்பத்தை அங்கேயே இறக்கிவைக்கிறது. நூல்களுக்கிடையே உள்ள இடைவெளிகளில் எல்லாம் ஆவி புகுகிறது. அதே மாவைக் கொழுக்கட்டையாகப் பிடித்து அதே பாத்திரத்தில் வைத்துப் பாருங்கள், வேக நெடுநேரம் ஆகும். வெப்பம் ஒரு பொருளின் நடுவை அடைய எடுத்துக்கொள்ளும் நேரம் தடிமனின் இருமடிக்கு ஏற்ப வளர்கிறது. தடிமன் இரண்டு மடங்கானால் நேரம் நான்கு மடங்கு!

இங்கே ஓர் எச்சரிக்கை. நம் தோலின் வெப்பநிலை ஏறத்தாழ 35 டிகிரி. ஒரு கிராம் கொதிநீர் கையில் பட்டு 35 டிகிரிக்குக் குளிர்ந்தால் 65 கலோரியைத் தருகிறது. ஒரு கிராம் நீராவி பட்டால் 540ஐயும் 65ஐயும் கூட்டி 605 கலோரியைத் தருகிறது. ஒன்பது மடங்குக்கும் மேல்! ஆகவே இட்லிப் பாத்திரத்தின் மூடியைத் திறக்கும்போது, உங்களுக்கு எதிர்ப்புறமாகச் சரித்துத் திறவுங்கள். முகத்தை அருகில் கொண்டுபோகாதீர்கள். உள்ளுறை வெப்பத்தைத் தேர்வில் எழுத மறந்தால் மதிப்பெண்தான் போகும். அடுப்பின் முன் மறந்தால் தோல் போகும்.

வெண்பாலாடைக்கும் மோர்க்குழம்புக்கும் உறவு

ரோம் நகரத்தின் எளிய உணவுகளுள் ஒன்று காச்சோ எ பெபே. பாலாடைக்கட்டி, மிளகு, பாஸ்தா, அது வெந்த தண்ணீர். இவ்வளவுதான் பொருட்கள். மிளகைக் கண்டதும் உங்களுக்கு ஒன்று நினைவுக்கு வரவேண்டும். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே நம் மேற்குக் கரையிலிருந்து ரோமாபுரிக்குக் கப்பலில் போன சரக்கு அது.

இந்த உணவில் ஒரு தொல்லை உண்டு. பாலாடைக்கட்டியைச் சூடான நீரில் கலக்கும்போது சற்றுச் சூடு மிஞ்சினால் அதன் புரதங்கள் திரண்டு கட்டிகட்டியாகிவிடும். தண்ணீரில் மாவுப்பொருள் கரைந்திருந்தால் அது புரதங்களை நெருங்கவிடாமல் தடுக்கும். எவ்வளவு மாவுப்பொருள் வேண்டும் என்பதை இத்தாலிய இயற்பியலாளர்கள் சிலர் ஆய்வுக்கூடத்தில் அளந்து 2025இல் வெளியிட்டார்கள். பாலாடைக்கட்டியின் எடையில் 2 முதல் 3 விழுக்காடு. 1 விழுக்காட்டுக்குக் குறைந்தால் திரளும். 200 கிராம் கட்டிக்கு 4 முதல் 6 கிராம் என்று கணக்கிட்டுக்கொள்ளுங்கள். முதலில் சிரிக்கவைத்துப் பிறகு சிந்திக்கவைக்கும் ஆய்வுகளுக்குத் தரப்படும் இக்நோபல் பரிசு, அதே ஆண்டில் இந்த ஆய்வுக்குக் கிடைத்தது.

இப்போது மோர்க்குழம்பை நினைத்துப் பாருங்கள். மோரை அப்படியே கொதிக்கவிட்டால் திரிந்துபோகும். ஆகவே ஊறவைத்த அரிசியையோ பருப்பையோ அரைத்துச் சேர்ப்பது பல வீடுகளில் வழக்கம். அடுப்பையும் மெதுவாக எரியவிடுவார்கள். பால் புரதம் திரளாமல் மாவுப்பொருளால் காக்கும் அதே உத்திதான் இது!

அடுப்பை எப்போது அணைப்பது?

2021இல் இயற்பியலுக்கான நோபல் பரிசு பெற்றவர்களுள் ஒருவர் ஜார்ஜோ பாரிசி. 2022இல் ஐரோப்பாவில் எரிவாயு விலை ஏறியபோது, பாஸ்தா கொதித்த சிறிது நேரத்தில் அடுப்பை அணைத்து, மூடிபோட்டு வைத்தாலே வெந்துவிடும் என்ற யோசனையை அவர் பலரிடமும் பரப்பினார். இத்தாலியச் சமையல்காரர்கள் சிலருக்குக் கோபம் வந்தது. பெரிய விவாதமே நடந்தது.

யோசனையின் அடிப்படை சரியானதே. தண்ணீர் கொதிக்கத் தொடங்கியபின் எவ்வளவு எரித்தாலும் திறந்த பாத்திரத்தில் வெப்பநிலை 100 டிகிரியைத் தாண்டாது. கூடுதலாக எரிப்பதெல்லாம் தண்ணீரை ஆவியாக்கவே செலவாகும். பாஸ்தா வேக ஏறத்தாழ 80 டிகிரிக்கு மேல் இருந்தால் போதும். நிறையத் தண்ணீரும் நல்ல மூடியும் இருந்தால் அந்தச் சூடு சில நிமிடங்கள் நிற்கும். சிறிய பாத்திரம் விரைவில் ஆறிவிடும் என்பதையும் மறக்கக்கூடாது. சோறு கொதித்ததும் பாத்திரத்தோடு தூக்கி வெப்பம் காக்கும் பெட்டிக்குள் வைத்து வேகவிடும் வழக்கம் நம் பக்கத்தில் உண்டு. அதைச் செய்பவர்கள் பாரிசியின் யோசனையைப் பாதிவழியில் சந்தித்தவர்கள்.

கைப்பக்குவம் என்னும் அளவுகருவி

ஒரு கேள்வி மிஞ்சுகிறது. காரணங்களை எல்லாம் எழுதிவிட்டோமே, பிறகு பயணிகள் ஏன் வகுப்புக்குப் போகவேண்டும்? புத்தகம் போதாதா?

போதாது. மாவு காற்றிலுள்ள ஈரத்தை ஈர்க்கும் பொருள். ஆனி, ஆடியில் தென்மேற்குப் பருவமழை கொட்டும்போது இனயத்தில் காற்று ஈரமாகவே இருக்கும். அப்போது மாவு ஏற்கெனவே கொஞ்சம் தண்ணீரைக் குடித்திருக்கும். மாசி, பங்குனியில் அப்படியிருக்காது. அரிசி புதியதா பழையதா, மாவு நைசா கரகரப்பா, வறுத்ததா வறுக்காததா என்பதற்கேற்பவும் தண்ணீரின் அளவு மாறும். "மாவுக்கு இத்தனைத் தம்ளர் தண்ணீர்" என்று புத்தகம் ஒரே எண்ணைத்தான் சொல்ல முடியும். அந்த எண் எல்லா நாளுக்கும் பொருந்தாது.

அனுபவமுள்ள கை என்ன செய்கிறது? கொஞ்சம் நீர் சேர்க்கிறது, பிசைகிறது, மாவின் எதிர்ப்பை உணர்கிறது, போதவில்லையானால் மேலும் சேர்க்கிறது. அளப்பது, ஒப்பிடுவது, திருத்துவது, மீண்டும் அளப்பது என்ற இந்தச் சுழலைத்தான் தானியங்கிக் கருவிகளில் பொறியாளர்கள் அமைக்கிறார்கள். இதை நம் மொழி நெடுங்காலமாகவே கைப்பக்குவம் என்று அழைக்கிறது.

கைப்பக்குவத்தில் ஓர் ஆபத்தும் இருக்கிறது. அது எழுத்தில் தங்காது. ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குத்தான் போகும். பொலோனியாவில் அதைக் கற்க உலகெங்குமிருந்து பணம் கொடுத்து வருகிறார்கள். இனயத்திலோ அது உங்கள் வீட்டில் இலவசமாகக் கிடைக்கிறது. அதனாலேயே யாரும் கேட்பதில்லை. இன்று மாவு பொட்டலத்தில் வருகிறது. இடியாப்பம் கடையிலிருந்து வருகிறது. கற்றுக்கொள்ள இளையவர்கள் யாரும் பக்கத்தில் உட்காராவிட்டால், ஒரு பாட்டியின் கையோடு ஓர் அளவுகருவியே போய்விடும். தொலைந்தபின் அதை எந்த ஆய்வுக்கூடத்திலும் வாங்க முடியாது.

"அதெல்லாம் பெண்பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள்" என்று மாணவர்கள் நழுவிவிட வேண்டாம். இந்தக் கரையிலிருந்து வாரக்கணக்கில் ஆழ்கடலுக்குப் போகும் விசைப்படகுகளில் சமைப்பவர்கள் ஆண்கள்தாம். வேலைக்காக வளைகுடா நாடுகளுக்குப் போனவர்களும் அங்கே போய்த்தான் தண்ணீரின் அளவு தெரியாமல் விழிக்கிறார்கள். பயணம் போகிற எவருக்கும் வேண்டிய கல்வி இது.

உங்கள் வீட்டில் ஒரு வகுப்பு

வரும் விடுமுறையில் இவற்றைச் செய்து பாருங்கள். அடுப்புப் பக்கம் பெரியவர் ஒருவர் உடன் இருக்கட்டும்.

ஒன்று: ஒரு கைப்பிடி மைதாவைத் தண்ணீர் விட்டுப் பத்து நிமிடம் பிசைந்து, அரை மணி நேரம் ஊறவிடுங்கள். பிறகு ஒரு கிண்ணம் தண்ணீருக்குள் மெதுவாகப் பிசைந்து கழுவுங்கள். தண்ணீர் வெள்ளையாகும், அது மாவுப்பொருள். தண்ணீரை மாற்றி மாற்றிக் கழுவினால் கடைசியில் ரப்பர்போல் இழுபடும் ஒரு கட்டி கையில் மிஞ்சும். அதுதான் குளூட்டன். அரிசிமாவிலும் இதைச் செய்யுங்கள். கையில் என்ன மிஞ்சுகிறது?

இரண்டு: அரிசிமாவை மூன்று சம பங்காக்குங்கள். ஒன்றில் பச்சைத் தண்ணீர், ஒன்றில் கைபொறுக்கும் சூட்டில் தண்ணீர், ஒன்றில் கொதிநீர். மூன்றாவதைக் கரண்டியால் கிளறி, ஆறியபின் கையால் பிசையுங்கள். ஒவ்வொன்றையும் அச்சில் இட்டுப் பிழிந்து, உடையாமல் வந்த நீளமான நூலை அளவுகோலால் அளந்து எழுதுங்கள்.

மூன்று: இடியாப்ப மாவு பிசையும் அம்மாவிடமோ பாட்டியிடமோ போய் உட்காருங்கள். அவர்கள் மாவை எடுக்குமுன் எடையைக் குறித்துக்கொள்ளுங்கள். தண்ணீரை அளந்த பாத்திரத்தில் வைத்து, அவர்கள் போதும் என்று நிறுத்தியபின் மீதியை அளந்து, செலவானது எவ்வளவு என்று எழுதுங்கள். மழைநாளில் ஒரு முறை, வெயில்நாளில் ஒரு முறை என்று பத்து நாட்களுக்குக் குறிப்பெடுங்கள். ஏன் நிறுத்தினீர்கள் என்று கேளுங்கள். "பதம் வந்துவிட்டது" என்பார்கள். அந்தப் பதத்தை நீங்களும் தொட்டுப் பாருங்கள். அடுத்தநாள் நீங்கள் பிசையுங்கள். அவர்கள் தொட்டுப் பார்த்துச் சொல்லட்டும்.

பத்து நாட்களில் உங்களிடம் ஓர் அட்டவணை இருக்கும். ஈரமான நாளில் தண்ணீர் குறைவாகச் செலவானதா என்பதை அந்த அட்டவணை சொல்லும். உங்கள் கையும் கொஞ்சம் தேறியிருக்கும். அப்புறம் என்றாவது பொலோனியாவுக்குப் போக வாய்ப்புக் கிடைத்தால் தயங்காமல் வகுப்பில் சேருங்கள். அந்த ஆசிரியை மாவைத் தொட்டுப் பார்த்துத் தலையசைக்கும்போது, அவர் எதை அளக்கிறார் என்பது உங்களுக்கு உடனே விளங்கிவிடும்.